டோர்டிஸ் தொலைத்த ஒரு ஆமாம்

வடக்கே எங்கள் கிரான்செலே ஊரில், சாகாமலும், சீசன் இல்லாத நேரத்தில் கடமான் சுட்டு மாட்டிக்கொள்ளாமலும் பேப்பரில் பேர் வந்த ஒரே ஆள் டோர்டிஸ் நெஸ்லண்ட். அதைப் பெருமை என்று எழுதத்தான் எல்லாரும் விரும்புவார்கள். எனக்கு அப்படி வராது. இருபத்தெட்டு வருஷம் தெற்கே உட்கார்ந்து அவள் எடுத்துத் தள்ளிய சினிமாவில் பாதியைப் பார்த்திருக்கிறேன். ஒரு மனுஷன் கதவைத் திறப்பான். ரொம்ப நேரம் கழித்து மூடுவான். நடுவில் சுவரில் வெளிச்சம் நகரும். அந்த வெளிச்சத்தை நகர்த்தியதுதான் டோர்டிஸ். படம் முடிந்து பேர்கள் ஓடும்போது, சனம் எழுந்து கழிப்பறைக்கு வரிசை பிடிக்கிற நேரம் பார்த்து, ஒளிப்பதிவு என்று அவள் பேர் வரும். உட்கார்ந்து அதைப் படிக்கிறவன் மூத்திரம் வராதவனாகத்தான் இருப்பான்.

ஆற்றுச் சாலையின் கடைசி வீட்டில் பிறந்தவள். அப்பா ஏவர்ட், காட்டில் மரம் வெட்டுகிறவர். அம்மா இவளுக்கு ஆறு வயதிலேயே போய்விட்டாள். வீட்டில் இரண்டு பேர், ஒரு நாய். மூன்றில் நாய்தான் வாயாடி.

பதினாலு வயதில், அத்தை ஒருத்தி கொடுத்த பெட்டிக் கேமராவோடு அப்பா கூட வேட்டைக்குப் போனாள். வேட்டைக் குழு ஆறு மணி நேரம் அசையாமல் காத்திருந்து, கடைசியில் ஒரு கொம்பன் கடமான் மரங்களுக்கு நடுவில் வந்து நின்றது. துப்பாக்கிகளுக்கு முந்தி டோர்டிஸின் கேமரா சொடுக்கியது. அந்தக் கடமான் நார்வே வரைக்கும் ஓடியிருக்கும். படம் இன்னும் இருக்கிறது: ஒரு கடமானின் பின்புறம், அதுவும் ஆடிப்போய். குழு அவளை அப்புறம் சேர்க்கவில்லை. ஏவர்ட் அந்தப் படத்தை அடுப்புக்கு மேலே ஆணியில் மாட்டினார். ஆணி சும்மா கிடந்ததாம்.

பத்தொன்பதில் ஸ்டாக்ஹோமுக்குப் பஸ் ஏறினாள். வழியனுப்ப வந்த ஏவர்ட், பனியில் வழுக்காமலிருக்கப் பின்சக்கரத்தில் சுற்றியிருந்த சங்கிலி இறுக்கமாக இருக்கிறதா என்று காலால் தட்டிப் பார்த்தார். டிரைவரிடம் "பாத்துப் போ" என்றார். மகளிடம் சொல்ல வேண்டியதும் அதுதான் போலிருக்கிறது. ஒரே தடவையில் முடித்துக்கொண்டார்.

அங்கே சினிமாப் பள்ளியில் பெண்களுக்கு என்று வைத்திருந்த வேலை, நோட்டுப் புத்தகத்தில் குறிப்பெழுதுவது, காப்பி ஊற்றுவது. இவள் இரண்டையும் மோசமாகச் செய்தாள். ஒருநாள் கேமராமேன் முந்தின நாள் குடித்ததில் தலை நிமிராமல் வேனுக்குள் கிடந்தபோது, யாரையும் கேட்காமல் கேமராவைத் தோளில் ஏற்றிக்கொண்டாள். அப்புறம் இறக்கவேயில்லை. பன்னிரண்டு கிலோ. அதனால் வலது தோள் இடதைவிட நாலு விரல் தாழ்ந்துவிட்டது. அவள் ஊருக்கு வந்தால் ஊர்ப் பிள்ளைகள் நாங்கள் பின்னாலேயே அதே கோணலில் நடப்போம். வரிசையாக, ஆறேழு பேர். திரும்பிப் பார்த்து, "நடுவுல இருக்கவன் தோள இன்னும் எறக்கு" என்பாள். கேலி செய்கிறவனுக்கே குறிப்புச் சொல்கிற ஜென்மம்.

ஆட்களை அவள் ஆட்களாகப் பார்த்து நான் பார்த்ததில்லை. "உன் மூக்கு நிழல் விழுது, தள்ளு" என்பாள், சாவு வீட்டில். படப்பிடிப்பில் ஒரு நடிகன் இளிப்போடு, "தங்கச்சி, நான் தூக்கிட்டு வரட்டுமா" என்று கேட்டதற்கு, "நீ உன் வயித்தத் தூக்கிட்டு வா, போதும்" என்றாளாம். இதை அவளே சொன்னாள், சிரிக்காமல், வானிலை சொல்வது மாதிரி.

அப்படிப் பதினாலு படம், எல்லாம் யார் யாருடையதோ. நடுவில் ஒரு கஞ்சி விளம்பரம். கஞ்சியிலிருந்து ஆவி வரவேண்டும், விளக்குச் சூட்டில் வராது. மேசைக்கு அடியில் ஒளிந்து சிகரெட் புகையை ஊதிவிட்டது டோர்டிஸ். வடக்கு முழுக்கக் குழந்தைகள் அந்தப் புகையைப் பார்த்துத்தான் கஞ்சி குடித்தார்கள், நான் உட்பட.

ஒவ்வொரு படத்துக்கும் அப்பாவுக்கு ஒரு தபால் அட்டை வரும். படத்தின் பேர், எந்தத் தேதி, எந்த ஊர்த் தியேட்டர். வேறொன்றும் இருக்காது. எங்களுக்குக் கிட்டத்தில் தியேட்டர் என்றால் லிக்செலே, பஸ்ஸில் ஒன்றரை மணி. ஏவர்ட் பதில் போட்டதில்லை. கோடையில் அவள் வந்தால் இரண்டு பேரும் உருளைக்கிழங்குக் கொழுக்கட்டையை வெண்ணெயில் முக்கித் தின்பார்கள். அவர் மீனைப் பற்றிப் பேசுவார். சினிமாவைப் பற்றி மூச்சு விடமாட்டார். இரண்டு வருஷத்துக்கு ஒரு தடவை பஸ் ஏறி லிக்செலே போய் வருவார். கேட்டால் பல் டாக்டர் என்பார். அவர் வாயில் மொத்தம் நாலு பல்.

நாற்பத்தேழு வயதில் டோர்டிஸுக்கு டைரக்டர் ஆகவேண்டும் என்று வந்தது. எண்பத்தெட்டாம் வருஷக் கோடை. எடுக்க உலகத்தில் எத்தனையோ இருக்க, எங்களை எடுக்க வந்தாள். இருபத்து மூன்று சமையலறை, இருபத்து மூன்று பேர். ஒவ்வொருவரையும் அவரவர் ஜன்னலோரம் உட்கார வைத்து ஒரே கேள்வி: இங்கே வாழ்ந்தது சந்தோஷமாக இருந்ததா. கேமராவும் அவளே, கேள்வியும் அவளே. சத்தம் பிடிக்க ஸ்டாக்ஹோமிலிருந்து பொன்டுஸ் என்று ஒருத்தன், காதில் பெரிய கிண்ணங்களை மாட்டிக்கொண்டு. மூன்று வாரம் இருந்தான். எங்களில் ஒருத்தரிடமும் அவன் ஒரு வார்த்தை பேசவில்லை. நாங்களும் அவனிடம் பேசவில்லை. அதில் ஒன்றும் குறையில்லை.

இங்கே ஒன்று சொல்லவேண்டும். எங்கள் பக்கம் ஆமாம் என்பதற்கு வார்த்தையை வீணாக்கமாட்டோம். உதட்டைக் குவித்து, தட்டில் ஊற்றிய காப்பியை உறிஞ்சுவது மாதிரி, மூச்சைச் சட்டென்று உள்ளே இழுப்போம். ஷுப். அவ்வளவுதான். கல்யாணத்தில் பாதிரி கேட்டாலும் அதுதான் பதில். ஆக, இருபத்து மூன்று பேரில் இருபத்தொருவர் ஷுப் என்றார்கள். பாதிரி மட்டும் தெற்கத்திக்காரர், நாலு நிமிஷம் பேசினார்.

மிச்சம் ஒருவர் ஏவர்ட். அவரிடம் மட்டும் கேள்வியை மாற்றினாள். "அப்பா, நான் எடுத்ததுல எதையாவது நீங்க பாத்திருக்கீங்களா?" இருபத்தெட்டு வருஷமாகத் தொண்டையில் வைத்திருந்ததைக் கேமராவுக்குப் பின்னால் ஒளிந்துகொண்டு கேட்டாள். அவர் தலையை லேசாக அசைத்தார். தொண்டையில் ஏதோ ஏறி இறங்கியது. அந்த நொடியில் ஜன்னலில் மேகம் விலகி வெளிச்சம் மாற, டோர்டிஸ் லென்ஸைத் திருகிச் சரிசெய்துகொண்டிருந்தாள். கேமரா காதோரம் அரைத்துக்கொண்டிருந்தது. அவர் என்ன சொன்னார் என்று அவளுக்குச் சரியாகக் கேட்கவில்லை. பரவாயில்லை, டேப்பில் இருக்கிறதே என்று இருந்துவிட்டாள்.

அப்புறம் செய்ததுதான் அவள் தொழில்காரர்கள் மட்டுமே செய்யக்கூடிய முட்டாள்தனம். படத்தொகுப்பு முடிந்து சத்தத்தைச் சுத்தம் பண்ணுகிற வேலை பொன்டுஸிடம் போனது. அந்த நேரத்தில் யாரோ ஒரு டைரக்டரின் கேமராமேன் கால் உடைந்து, இவள் அங்கே ஓடினாள். திரும்பி வந்ததும் பிலிம் லாபில் போய் நிறம் சரிபார்த்தாள். நிறம் பார்க்கிறபோது படத்தைச் சத்தமில்லாமல்தான் ஓட்டுவார்கள். ஜன்னல்கள் இருபத்து மூன்றும் அழகாக இருந்தன. திருப்தியாகக் கையெழுத்துப் போட்டாள். தன் முதல் படத்தை முழுசாகப் பார்த்தாள், ஒரு தடவைகூடக் கேட்கவில்லை.

கேட்டது நவம்பரில், ஞாயிற்றுக்கிழமை நாலு மணிக்கு, டிவியில், நாடு முழுவதோடும் சேர்ந்து. அதற்கென்றே ஊருக்கு வந்து அப்பா பக்கத்தில் உட்கார்ந்திருந்தாள். முதலில் வந்தது கடைக்கார ரூத். "இங்கே வாழ்ந்தது சந்தோஷமா இருந்துச்சா?" ரூத் நேராகப் பார்க்கிறாள். ஒன்பது நொடி. சத்தமே இல்லை. அடுத்தது மக்கள் மன்றம் என்கிற ஊர் மண்டபத்தைப் பார்த்துக்கொள்கிற ஹில்டிங். அவனும் வெறித்துப் பார்க்கிறான். இப்படியே ஒவ்வொருவராக, சந்தோஷமா என்று கேட்டால் செத்த மீன் மாதிரி முழிக்கிறார்கள். பாதிரி மட்டும் நாலு நிமிஷம் சந்தோஷமாக இருக்கிறார். கடைசியில் ஏவர்ட். கேள்வி. அமைதி. முடிந்தது.

ஏவர்ட் எழுந்து தொப்பியை எடுத்தார். "நான் பதில் சொன்னேன்" என்றார். விறகு பிளக்கப் போய்விட்டார்.

அவர் வீட்டில் போன் கிடையாது. மறுநாள் ரூத்தின் கடையிலிருந்துதான் டோர்டிஸ் பொன்டுஸைக் கூப்பிட்டாள். ஸ்டாக்ஹோம்காரர்கள் பேச போனே தேவையில்லை, கடை முழுக்கக் கேட்டது.

"அந்த மூச்சுச் சத்தமா? ஐயோ, அத ஏன் கேக்குறீங்க. ஊருக்கே ஆஸ்துமாவோன்னு நெனச்சேன். ஒவ்வொண்ணா உக்காந்து வெட்டினேன், டோர்டிஸ். மூணு வாரம். எவ்ளோ சுத்தமா இருக்கு பாத்தீங்களா?"

"வெட்டினதெல்லாம் எங்க?"

"குப்பைல."

"முதல் டேப்பு?"

"அத துடைச்சுட்டுப் பறவை பதிஞ்சுட்டாங்க. ரேடியோவுக்கு. எல்லாம் தெக்கே பறக்குற சீசன் இல்ல."

"எங்கப்பா என்ன சொன்னாரு? நீதான காதுல மாட்டியிருந்த."

"எல்லாரும் ஒரே மாதிரிதான் மூச்சு விட்டாங்க. அவரு விட்டாரா, விடலையா... ஞாபகமில்ல. ஏன், முக்கியமா?"

டோர்டிஸ் போனை வைத்தாள். ரூத் கல்லாவுக்குப் பின்னால் கையைக் கட்டிக்கொண்டு நின்றாள்.

தெற்கே படம் ஓகோ என்று போனது. வடக்கின் ஊமைத் துயரம் என்று எழுதினார்கள். எங்கள் முகங்களில் நூறு வருஷத் தனிமை தெரிகிறதாம். ரூத் முகத்தில் தெரிந்தது அடுப்பில் தீய்ந்துகொண்டிருந்த ரொட்டி. டிசம்பரில் மாகாணத்திலிருந்து மனநல ஆலோசகர் ஒருத்தர் ஒரு பெரிய வெள்ளை விளக்கோடு வந்தார். தினம் அரைமணி அதன் முன்னால் உட்கார்ந்தால் துக்கம் குறையுமாம். ஹில்டிங் அதை வாங்கித் தன் தக்காளி நாற்றுக்கு மேலே மாட்டினான். தக்காளிக்குத் துக்கம் குறைந்தது.

ஊர் அவளுக்குத் தண்டனை கொடுத்தது. அதைத் தொடங்கியது நாங்கள்தான், மறைப்பானேன். அவள் எதைக் கேட்டாலும் பதில் சொல்லாமல் நேராகப் பார்த்துக்கொண்டு ஒன்பது நொடி நிற்பது. "பஸ் போயிடுச்சா?" ஒன்பது நொடி. "தபால் வந்துச்சா?" ஒன்பது நொடி. ஒரு வாரத்தில் பெரியவர்களும் பிடித்துக்கொண்டார்கள். ரூத் கல்லாவில் நின்று அதைச் செய்தது எல்லாவற்றையும்விடப் பிரமாதம், கண்ணைக்கூடச் சிமிட்டவில்லை. டோர்டிஸ் காப்பித்தூளைத் தானே எடுத்துக்கொண்டு போனாள். எனக்குத் தெரிந்து இந்த ஊரில் அவ்வளவு ஒற்றுமை வேறெதிலும் வந்ததில்லை.

அவள் ஸ்டாக்ஹோமுக்கே போயிருக்கலாம். போகவில்லை. அப்பா என்ன சொன்னார் என்று தெரியாமல் போகமாட்டாள் என்று எல்லாருக்கும் தெரியும். ஒருநாள் மத்தியானம் ஏவர்ட் முற்றத்தில் விறகு பிளக்க, இவள் மைக்கைப் பிடித்துக்கொண்டு எதிரில் நின்றாள். நாங்கள் காலால் உதைத்து ஓட்டுகிற சறுக்கு வண்டியில் அந்தப் பக்கம் போனோம். தற்செயலாக, மூன்று தடவை.

"ஒரே நிமிஷம் உக்காருங்கப்பா. கேமரா கூட வேணாம்."

"ஏற்கெனவே சொன்னேன்."

"அத வெட்டிட்டாங்க."

"நானா வெட்டினேன்?"

"இல்ல."

"அப்ப நான் சொன்னது சொன்னதுதான். ரெண்டாந்தடவ சொன்னா மொதத் தடவ பொய்யின்னு ஆயிடும்."

"நீங்க பதிலே சொல்லலன்னு ஊரு நெனைக்குது."

"நெனைக்கட்டும். நீ பக்கத்துலதான இருந்த. நீ என்ன நெனைக்கிற?"

டோர்டிஸ் மைக்கை இறக்கினாள். "எனக்குக் கேக்கலப்பா. வெளிச்சம் மாறிச்சு, நான் அதப் பாத்துட்டிருந்தேன்."

ஏவர்ட் அவளையே பார்த்தார். நாங்கள் வழக்கம்போல நொடி எண்ணினோம். ஐந்தில் நான் எண்ணுவதை விட்டுவிட்டேன். கால் மரத்துவிட்டது, அதனால்தான். ஏவர்ட் அடுத்த கட்டையை எடுத்து வைத்தார்.

பிப்ரவரியில் கடைக் கண்ணாடியில் ஒரு காகிதம் ஒட்டினாள். சனிக்கிழமை இரண்டு மணி, மக்கள் மன்றத்தில் படம். கூரையிலிருந்து மைக் தொங்கும். உங்கள் முகம் வரும்போது நீங்களே உட்கார்ந்த இடத்திலிருந்து பதில் சொல்லுங்கள், அதைப் பதிந்து படத்தில் சேர்த்துவிடுகிறேன். கீழே, காப்பி உண்டு, ஏழு வகை பிஸ்கட் உண்டு என்று எழுதியிருந்தது.

பிஸ்கட்டுக்காக வந்தார்கள். வேறெதற்காகவும் வந்தார்கள் என்று யாராவது சொன்னால் நம்பவேண்டாம். ஏழையும் டோர்டிஸே சுட்டிருந்தாள், மூன்று வகை பல்லில் ஒட்டியது. மண்டபம் நிறைந்தது. எல்லாரும் வாயை இறுக்கிக்கொண்டு உட்கார்ந்தார்கள். ஏவர்ட் மூன்றாவது வரிசையில், தொப்பியைக் கழற்றாமல். டோர்டிஸ் பின்னால் டேப் மெஷினுக்கு முன் நின்றாள். தாழ்ந்த தோள் அன்றைக்கு இன்னும் தாழ்ந்து தெரிந்தது.

ஹில்டிங் படத்தை ஓட்டினான். ரூத்தின் முகம் சுவர் அளவுக்கு வந்தது. "இங்கே வாழ்ந்தது சந்தோஷமா இருந்துச்சா?" ரூத் பதில் சொல்லவில்லை. பழிவாங்க வேறு நல்ல நேரம் கிடைக்காதே. ஒரு நொடி, இரண்டு, மூன்று. பக்கத்தில் உட்கார்ந்திருந்த அவள் புருஷன் கோஸ்டா, வாயில் பிஸ்கட்டோடு மெதுவாகத் திரும்பினான்.

"ஏண்டி, இல்லியா?"

ரூத் மூச்சை இழுத்தாள். ஷுப். ஜன்னல் கண்ணாடி அதிர்ந்திருக்கும். மண்டபம் சிரித்தது. அப்புறம் ஒருத்தருக்கும் பொறுக்கவில்லை. ஹில்டிங் படம் ஓட்டுகிற அறைக்குள்ளிருந்து இழுத்தான். அஞ்சல்காரி இழுத்தாள். தன் முறை வருவதற்கு முன்பே இரண்டு பேர் இழுத்தார்கள். பக்கத்து வீட்டுக்காரனைவிடத் தான் சந்தோஷம் என்று காட்ட ஒருத்தன் இழுத்த இழுப்பில் இருமல் வந்து வெளியே கூட்டிப்போனார்கள். பாதிரி வந்தபோது நாலு நிமிஷமும் எல்லாரும் காப்பி குடித்தார்கள்.

கடைசியில் ஏவர்ட். சமையலறை, ஜன்னல், அடுப்புக்கு மேலே ஆடிப்போன கடமான். "அப்பா, நான் எடுத்ததுல எதையாவது நீங்க பாத்திருக்கீங்களா?"

கோப்பைகள் வைக்கிற சத்தம்கூட நின்றது. சுவரில் ஏவர்ட் தலையை அசைத்தார், தொண்டை ஏறி இறங்கியது. கீழே ஏவர்ட் அசையவில்லை. சொன்னதைத் திரும்பச் சொல்கிற ஆள் இல்லை என்று மண்டபத்தில் அத்தனை பேருக்கும் தெரியும். ஐந்து நொடி. ஆறு. டோர்டிஸ் டேப் மெஷினைப் பார்க்கவில்லை, முள் ஆடுகிறதா என்றும் பார்க்கவில்லை. வெளிச்சத்தையும் பார்க்கவில்லை. அவர் தொப்பியின் பின்புறத்தைப் பார்த்துக்கொண்டு நின்றாள்.

எட்டாவது நொடியில் ஏவர்ட் வாயைத் திறந்தார். மூச்சை உள்ளே இழுக்கவில்லை. வெளியே விட்டுப் பேசினார், எல்லாருக்கும் கேட்கிற மாதிரி.

"பதினாலு."

அதற்குள் படம் முடிந்து சுவர் வெள்ளையாகிவிட்டது.

"கஞ்சியச் சேக்காம" என்றார் ஏவர்ட். "ஏழாவதுல அந்த மூடுபனி பொய்."

"பொய்தான்ப்பா" என்றாள் டோர்டிஸ் பின்னாலிருந்து. குரல் சரியாக வரவில்லை, பிஸ்கட்டாக இருக்கும். "மெஷின் வச்சு விட்டோம்."

"தெரிஞ்சுது. பனி அப்படிக் கால்கிட்ட நிக்காது." எழுந்து, தட்டில் மிச்சம் இருந்த இரண்டு பிஸ்கட்டைச் சட்டைப்பையில் போட்டுக்கொண்டார். நாலு பல்லால் அதை என்ன செய்தார் என்று தெரியாது. லிக்செலே தியேட்டர் டிக்கெட்டுகளை எல்லாம் அந்தத் தபால் அட்டைகளோடு சேர்த்து ஒரு புகையிலை டப்பாவில் வைத்திருந்ததாகப் பின்னால் தெரிந்தது. அவ்வளவு பெரிய டப்பா இல்லை. கசங்கியிருக்கும்.

திங்கட்கிழமை டோர்டிஸ் கடைக்கு வந்தாள். "காப்பித்தூள் இருக்கா?" என்றாள். ரூத், "கண்ணு தெரியலையா, முன்னாலதான இருக்கு" என்றாள். அதோடு தண்டனை முடிந்தது.

அங்கிருந்தே டோர்டிஸ் பொன்டுஸுக்குப் போன் போட்டாள். புதுச் சத்தத்தை எல்லாம் சேர்த்து மறுபடி ஒளிபரப்பலாம் என்று அவன் கத்தியது காய்கறித் தட்டு வரைக்கும் கேட்டது. "அப்பாவோட பதிலும் கெடச்சுதா? சுத்தமா பதிவாச்சா?"

டோர்டிஸ் போனை வாயருகே கொண்டுபோனாள். உதட்டைக் குவித்து மூச்சை உள்ளே இழுத்தாள். ஷுப்.

"ஹலோ?" என்றான் பொன்டுஸ். "ஹலோ, டோர்டிஸ்? லைன் போச்சா?"

அவள் போனை வைத்துவிட்டு, காப்பித்தூளை எடுத்துக்கொண்டு, தோள் கோணலாக நடந்து போனாள். நாங்கள் பின்னாலேயே போனோம். ஆறு பேர், வரிசையாக. நான் நடுவில். அன்றைக்குத் தோளை நன்றாகவே இறக்கியிருந்தேன்.